‘ஆள்’ என்கிற சொல்

சாதிப் பெயர்களைப் பற்றி நாம் நிறையவே பேசியிருக்கிறோம். வசவாக இருந்த பெயரையே எடுத்து 1893இல் ‘பறையன்’ என்று பத்திரிகைக்கு வைத்தார் இரட்டைமலை சீனிவாசன். 1907இல் ‘ஒரு பைசாத் தமிழ’னைத் தொடங்கிய அயோத்திதாசர் அந்தப் பெயரே நமக்கு உரியதல்ல, நாம் பூர்வ பௌத்தர் என்று பக்கம் பக்கமாக வாதாடினார். 1922இல் எம்.சி. ராஜாவின் முயற்சியால் ‘ஆதிதிராவிடர்’ அரசாங்க ஏட்டில் ஏறியது. ‘அரிஜன்’ என்றார்கள், தூக்கி எறிந்தோம். இத்தனை சண்டைக்கு நடுவிலும் ஒரு சொல் யார் கண்ணிலும் படாமல் நம் வாயிலேயே குடியிருந்துகொண்டிருக்கிறது. ஆள் என்கிற இரண்டெழுத்துச் சொல்தான் அது.

பழைய தஞ்சாவூர் ஜில்லாவின் கீழ்க்கோடியில், எங்கள் பக்கத்தில், நடவுக்குக் கூப்பிட வருகிறவர் “பத்துப் பேர் வாங்க” என்று சொல்லமாட்டார். “பத்து ஆளு வேணும்” என்பார். “ஆம்பளாளுக்கு இவ்வளவு, பொம்பளாளுக்கு இவ்வளவு” என்று கூலி பிரியும். பன்னிரண்டு வயசுப் பிள்ளை வந்தால் அது ‘அரையாளு’. வேலை ஒன்றுதான் என்றாலும் கூலி பாதி. கட்டட வேலைக்குப் போனால் அங்கே ‘கொத்தனார்’ இருப்பார். ‘ஆர்’ விகுதியோடு, மரியாதையோடு. அவருக்குக் கலவை தூக்குகிறவள் ‘சித்தாள்’. சிறு ஆள். அறுபது வயசானாலும் அவள் சிறு ஆள்தான். அடியாள், கையாள், எடுபிடி ஆள், வேலையாள் என்று எதை எடுத்தாலும் பின்னால் ஒருவன் நிற்கிறான், அவனுடைய ஆள் இவன்.

என் அப்பாயி தன் காலத்தைப் பற்றிச் சொல்லும்போதெல்லாம் “நாங்க பெரிய வூட்டு ஆளுங்க” என்றுதான் ஆரம்பிக்கும். வழியில் யாராவது மறித்தால் பேரைக் கேட்கமாட்டார்களாம், ஊரைக் கேட்கமாட்டார்களாம். “நீ யாரூட்டு ஆளு?” என்பதுதான் கேள்வி. இந்தச் சொல்லின் இலக்கணமே அந்தக் கேள்வியில் இருக்கிறது. ‘ஆள்’ தனியாக நிற்காது. அதற்கு முன்னால் ஒரு உடைமை வேற்றுமை நிற்க வேண்டும். ‘மனிதன்’ என்று சொன்னால் யாருடைய மனிதன் என்று யாரும் கேட்பதில்லை. இன்றைக்குப் படித்தவர்கள் “அவரு நம்ம ஆளா?” என்று நைசாக விசாரிக்கிறார்களே, அதுவும் இதே இலக்கணம்தான். சாதியைத்தான் கேட்கிறார்கள்.

சென்னைப் பல்கலைக்கழகத்துத் தமிழ்ப் பேரகராதியைப் புரட்டினால் ஆண்மகன், திறமைசாலி, காலாள், வேலைக்காரன், அடிமை, கணவன், வயது வந்தவர், ஓராள் உயரம் என்று இந்தச் சொல்லுக்குப் பொருள்கள் வரிசையாக வருகின்றன. ஒரே சொல் புருஷனுக்கும் அடிமைக்கும். பேச்சு வழக்கைச் சேர்த்தால் இன்னும் விரியும். பெண் பிள்ளை வயதுக்கு வந்தால் “ஆளாயிட்டா” என்கிறோம். “எங்கப்பன் மூட்டை தூக்கி என்னை ஆளாக்கினான்” என்று சொல்லும்போது குரல் தழுதழுக்கிறது. ஆளாவது என்றால் முழு மனிதனாவது. அதே ‘ஆளாவது’ பக்திப் பாடல்களில் அடிமையாவது என்ற பொருளில் வருகிறது. முழு மனிதனும் முழு அடிமையும் ஒரு சொல்லுக்குள் எப்படி உட்கார்ந்தார்கள் என்பதுதான் விஷயம்.

இங்கே ஒரு சபலம் வரும். நம் மேடைகளிலேயே அதைக் கேட்டிருக்கிறேன். ‘ஆள்’ என்றால் ஆளுவது; ஆகவே ஆள் என்பவன் ஆதியில் ஆண்டவன்; ஆண்டவனை அடிமையாக்கி அவன் பெயரையே அடிமைப் பெயராக்கிவிட்டார்கள். கேட்க நன்றாக இருக்கிறது, கைதட்டும் கிடைக்கிறது. ஆனால் மொழியியல் அப்படிச் சொல்லவில்லை. ஆளுதல் என்ற வினையும் ஆள் என்ற பெயரும் வேறு வேறு வேரிலிருந்து வந்து தமிழில் ஒலியால் ஒன்றிப்போனவை என்பதுதான் திராவிட மொழிகளை ஒப்பிட்டால் கிடைக்கிற விடை. யாறு என்பது தமிழில் ஆறு ஆனது, தெலுங்கில் ‘ஏரு’. யாண்டு இங்கே ஆண்டு, அங்கே ‘ஏடு’. அதே வரிசையில் ஆளுவதற்குத் தெலுங்கில் ‘ஏலு’. அப்படியானால் அந்த வினையின் பழைய உருவம் யகரத்தில் தொடங்கியிருக்க வேண்டும். ஆள் என்ற பெயர்ச்சொல்லோ தெலுங்கில் ‘ஆலு’, மனைவி என்று பொருள். கன்னடத்தில் ‘ஆள்’ வேலைக்காரன், போர்வீரன். பர்ரோவும் எமனோவும் தங்கள் திராவிடச் சொற்பிறப்பகராதியில் இரண்டையும் தனித்தனிப் பதிவாகவே வைத்திருக்கிறார்கள்.

இதை இவ்வளவு நீட்டிச் சொல்வதற்குக் காரணம் உண்டு. ‘ஆண்ட பரம்பரை’ என்று வண்டிக்குப் பின்னால் எழுதிக்கொண்டு திரிகிற சாதிகள் தமிழ்நாட்டில் குறைவில்லை. ஆண்டதைச் சொல்லித்தான் அடிக்கிறார்கள். நாமும் ஒரு சொல்லாராய்ச்சியைப் பிடித்துக்கொண்டு ‘நாங்களும் ஆண்டவர்கள்’ என்று அந்த வரிசையில் போய் நிற்க வேண்டுமா? எந்தக் காலத்திலும் ஆளாத ஒருத்திக்கு முழுக் கூலி கேட்கிற உரிமை இல்லையா? வேர் வேறாக இருக்கட்டும். வேர் வேறான இரண்டு சொற்களை யார், எந்த இடத்தில், எதற்காக ஒட்டவைத்தார்கள் என்று பார்ப்பதுதான் நமக்கு வேலை. ஆளுகிறவன் ‘ஆண்டை’. அவனுக்கு உழுகிறவன் ‘ஆள்’. ஒலியில் அண்ணன் தம்பி மாதிரி இருக்கிறது, ஆனால் ஒருவன் திண்ணையில், மற்றவன் கொல்லைப்புறத்தில்.

பழைய நூல்களுக்குப் போவோம். தொல்காப்பியம் அகத்திணை பேசும்போது ‘அடியோர்’, ‘வினைவலர்’ என்று இரண்டு வகையாரைத் தனியே பிரிக்கிறது. குறிஞ்சி முல்லை என்று கொண்டாடுகிறோமே, அந்த ஐந்திணைக் காதல் இவர்களுக்கு இல்லை. புறத்தே உள்ள கைக்கிளையும் பெருந்திணையும்தான் இவர்களுக்கு. உரையெழுதிய இளம்பூரணர் காரணமும் சொல்லிவிடுகிறார்: பிறருக்குக் குற்றேவல் செய்கிறவர்கள் அறம் பொருள் இன்பம் வழுவாமல் ஒழுகுவது அரிது, அவர்களுக்கு நாணமும் குறைவு. எம்.ஏ. வகுப்பில் இந்த நூற்பாவை நடத்திய ஆசிரியர் அடுத்த நூற்பாவுக்கு வேகமாகத் தாண்டிப் போனார். சங்ககாலம் சாதியற்ற பொற்காலம் என்று முந்தைய வாரம்தான் சொல்லியிருந்தார்.

சோழர் காலத்துக்கு வந்தால் சொல் கல்லிலேயே ஏறிவிடுகிறது. மனிதரை விற்ற பத்திரத்துக்கு ‘ஆள்விலைப் பிரமாணம்’ என்று பெயர். கோயிலுக்கு விற்கப்பட்டவர்களுக்குச் சூல முத்திரை குத்தினார்கள், அதற்குத் ‘திருவிலச்சினை’ என்று புனிதப் பெயர். மூன்றாம் குலோத்துங்கன் காலத்தில், 1201ஆம் ஆண்டுப் பஞ்சத்தில், திருப்பாம்புரத்தில் ஒரு வேளாளரும் அவருடைய இரண்டு பெண்களும் 110 காசுக்குத் தங்களைக் கோயிலுக்கு விற்றுக்கொண்டதைக் கல்வெட்டு சொல்கிறது. அடிமை முறை எல்லாச் சாதியிலும் இருந்தது, ஆகவே அதைச் சாதியோடு முடிச்சுப்போடாதீர்கள் என்று வாதிடுகிறவர்கள் இந்தக் கல்வெட்டைத்தான் நீட்டுவார்கள். நான் அதை வேறு மாதிரி வாசிக்கிறேன். வேளாளர் அடிமையானது ஒரு சம்பவம். அதற்குத் தேதி உண்டு, விலை உண்டு, பஞ்சம் என்ற காரணம் உண்டு, கல்லில் வெட்டவேண்டிய அளவுக்கு அது செய்தி. பறையரும் பள்ளரும் என்றைக்கு அடிமையானார்கள் என்று எந்தக் கல்லும் சொல்லாது. அவர்கள் நிலத்தோடு வந்தவர்கள். பிற்கால ஓலைகளில் ‘பறையடிமை’, ‘பள்ளடிமை’ என்றே எழுதப்பட்டது. சாதிப் பெயரும் அடிமைப் பெயரும் ஒட்டியே பிறந்த மாதிரி. நாஞ்சில் நாட்டு அழகியபாண்டியபுரம் முதலியார் வீட்டு ஓலைகளை அ.கா. பெருமாள் தொகுத்திருக்கிறார். ஆ. சிவசுப்பிரமணியனின் தமிழக அடிமை முறை பற்றிய நூல் இருக்கிறது. அவற்றை வாசிக்கிறவர்களுக்கு வயலும் மரமும் மனிதரும் எப்படி ஒரே நடையில் எழுதப்பட்டார்கள் என்பது விளங்கும்.

இந்த ஓலைகளின் நடைமுறையைத் தெரிந்துகொள்ள இன்னொரு இடமும் இருக்கிறது, அது பெரியபுராணம். சேக்கிழாரைப் பக்தராக மட்டும் படித்துப் பழகிவிட்டோம். மரபு அவரைச் சோழ அமைச்சர் என்கிறது, நிர்வாகம் தெரிந்த கை என்பது எழுத்தில் தெரிகிறது. சுந்தரர் கல்யாணப் பந்தலில் உட்கார்ந்திருக்கிறார். ஒரு கிழப் பார்ப்பனர் கோலூன்றி வந்து, இவன் எனக்கு அடிமை, இவன் பாட்டன் எழுதிக்கொடுத்த ஆளோலை என்னிடம் இருக்கிறது என்கிறார். சுந்தரர் சிரிக்கிறார், பிராமணன் இன்னொரு பிராமணனுக்கு அடிமையாவது எங்காவது உண்டா, நீ பித்தனா என்று கேட்கிறார். ஓலையைப் பறித்துக் கிழித்தும் போடுகிறார். கிழவர் லேசுப்பட்டவர் இல்லை. கிழித்தது படியோலைதான், மூல ஓலை திருவெண்ணெய்நல்லூரில் இருக்கிறது என்கிறார். வழக்கு சபைக்குப் போகிறது. சபை மூன்று வகைச் சான்று கேட்கிறது: ஆட்சி, ஆவணம், அயலார் காட்சி. அனுபோகம், பத்திரம், சாட்சி என்று இன்றைய கோர்ட்டில் கேட்பதேதான். பாட்டன் கையெழுத்தை வேறொரு ஓலையோடு ஒப்பிட்டுப் பார்த்து, பேரனும் அவன் வழிவருகிறவர்களும் அடிமை என்று தீர்ப்பாகிறது.

கடவுளை ஒரு நிமிடம் அப்புறம் நிறுத்திவிட்டு இதைப் படித்துப் பாருங்கள். தாத்தா எழுதிக்கொடுத்ததற்குப் பேரன் அடிமை. நகல் ஒன்று, அசல் ஒன்று. ஊர்ச்சபை அடிமைக்காரன் பக்கம். கற்பனையாக ஒருவர் இவ்வளவு துல்லியமாக எழுதமுடியாது, இது அன்றாடம் நடந்த சங்கதி. சுந்தரர் எழுப்பிய ஆட்சேபமும் சட்டம்தான். அடிமைத்தனம் மேலிருந்து கீழ் வரிசையில்தான் செல்லும், கீழ் வருணத்தானுக்கு மேல் வருணத்தான் அடிமையாக முடியாது என்று யாக்ஞவல்கிய ஸ்மிருதி வகுத்திருப்பதை அம்பேத்கர் எடுத்துக்காட்டுகிறார். அந்தச் சட்டம் சாதாரணப் பார்ப்பனரை அடிமையாகவிடாது. அடிமைகொள்ள வந்தவர் சிவபெருமானாக இருந்ததால்தான் கதை நடக்கிறது. இதற்குத் ‘தடுத்தாட்கொள்ளல்’ என்று பெயர். ஆட்கொள்ளல் என்றால் ஆளாகக் கொள்ளல், அடிமையாகப் பிடித்தல். இன்றைக்கு அதற்கு ‘அருள்புரிதல்’ என்று பொருள் சொல்கிறோம். சம்பந்தர் ‘ஆளுடைய பிள்ளை’, அப்பர் ‘ஆளுடைய அரசு’, சுந்தரர் ‘ஆளுடைய நம்பி’. சமய உலகத்தில் அடிமைச் சொல் ஏறிப்போய்ப் பட்டமாகிவிட்டது. வைணவர் ‘அடியேன்’ என்று சொன்னால் அது பணிவு, பண்பாடு. மலையாள தேசத்தில் புலையன் ‘நான்’ என்று சொன்னால் அடி விழும், ‘அடியன்’ என்றே சொல்லியாக வேண்டும். வயநாட்டில் ஒரு பழங்குடிக்கு அடியர் என்றே பெயர். வள்ளியூர்க்காவுத் திருவிழாவில் முன்பணம் கொடுத்து வருசத்துக்கு அவர்களைப் பிடித்துப்போனார்கள்.

அதே பெரியபுராணத்தில் நம் நந்தனும் இருக்கிறார். சேக்கிழாரின் நந்தன் ஒரு தனி மனிதனுக்குப் பண்ணையாள் இல்லை என்பதை நாம் அடிக்கடி மறந்துவிடுகிறோம். ஆதனூர்ச் சேரியில் ஊர்த் தொழிலுக்கு விட்ட மானிய நிலத்தை வைத்துப் பிழைக்கிறார். கோயில்களுக்குப் பேரிகைத் தோலும் யாழுக்கு நரம்பும் கொடுக்கிறார். நாற்பது வேலி நிலத்தை ஒரு ராத்திரியில் அறுத்துவிட்டுப் போ என்று சொல்லுகிற வேதியர் அங்கே கிடையாது. அவரைக் கொண்டுவந்தவர் கோபாலகிருஷ்ண பாரதி, 19ஆம் நூற்றாண்டின் நடுவில். அவருக்கு அது பக்திச் சோதனை. ஆனால் தஞ்சை ஜில்லாவில் வாழ்ந்தவர் அவர், கண்ணெதிரே பார்த்ததைத்தான் நந்தன் தலையில் ஏற்றினார். ஊர்த்தொழில் செய்தவன் ஐயர் வீட்டு ஆளாகிவிட்டான், சிதம்பரம் போக உத்தரவு கேட்டு நிற்கிறான். இரண்டு புராணத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் ஒன்று உறைக்கும். ஆளாக மறுத்த சுந்தரரை ஓலை காட்டி இழுத்துப்போய்த் தோழனாக்கிக்கொள்கிறார் இறைவன். தானாகப் போய் நின்ற நந்தனை நெருப்பில் இறக்கி, பூணூல் போட்ட முனிவனாக வெளியே எடுத்த பிறகுதான் உள்ளே விடுகிறார். அடிமையாவதற்குக்கூட நமக்குத் தகுதி போதவில்லை.

நந்தன் கீர்த்தனை பாடப்பட்ட காலத்திலேதான் கும்பெனி அரசு அடிமை முறையை ஒழித்ததாகச் சொல்கிறார்கள். 1843ஆம் ஆண்டின் ஐந்தாவது சட்டம். அதில் என்ன இருந்தது? வரி பாக்கிக்காக அரசு அதிகாரிகள் யாரையும் அடிமை என்று சொல்லி விற்கக்கூடாது. அடிமை மேல் உள்ள உரிமையை நீதிமன்றம் செல்லுபடியாக்காது. அடிமை என்பதற்காக ஒருவன் சம்பாதித்த சொத்தைப் பறிக்கக்கூடாது. சுதந்திர மனிதனுக்குச் செய்தால் குற்றமாவது அடிமைக்குச் செய்தாலும் குற்றம். முதல் பிரிவைக் கவனிக்க வேண்டும், சர்க்காரே ஏலம் போட்டிருந்தால்தானே அப்படி ஒரு பிரிவு தேவைப்படும்? அடிமை வைத்திருப்பது தண்டனைக்குரிய குற்றம் என்று அந்தச் சட்டம் சொல்லவில்லை, அதற்கு 1860ஆம் ஆண்டின் தண்டனைச் சட்டம் வரவேண்டியிருந்தது. திருவிதாங்கூரில் 1855இல் பிரகடனம் வந்தது.

சட்டத்துக்குப் பிறகு ‘அடிமை’ என்ற சொல்லைப் பத்திரத்தில் எழுதமுடியாது. அங்கேதான் நம்முடைய சொல் கைகொடுத்தது. அடிமை பண்ணையாள் ஆனான், படியளக்கிற இடத்தில் படியாள் ஆனான். ஓலை போய்க் கடன் சீட்டு வந்தது. கல்யாணத்துக்கு வாங்கிய கடன், சாவுக்கு வாங்கிய கடன். தாத்தா கைநாட்டு வைத்தார், அப்பா உழுதார், பேரன் மாடு மேய்த்தான். திருவெண்ணெய்நல்லூர்ச் சபையின் தீர்ப்பு அப்படியே நடந்தது. மிஷனரிமாரும் கலெக்டர்மாரும் இது அடிமைத்தனம் இல்லை, பழக்கவழக்கம், ஒருவகைப் பாதுகாப்பு என்று எழுதிவைத்ததும் உண்டு. ரூபா விஸ்வநாத் ‘பறையர் பிரச்சினை’ குறித்து 2014இல் வெளியிட்ட ஆங்கில நூலில் இந்தச் சொல்மாற்ற வேலையை விரிவாகக் காட்டியிருக்கிறார்.

இதிலிருந்து தப்பித்துக் கடல் தாண்டியவர்களையும் சொல் விடவில்லை. சிலோன் தோட்டங்களுக்கு ஊர் ஊராய்ப் போய் ஜனம் பிடித்தவனுக்கு ‘ஆள்கட்டி’ என்று பெயர். போய்ச் சேருவதற்குள் கங்காணியிடம் கடன். ஒரு தோட்டத்தைவிட்டு இன்னொன்றுக்குப் போக வேண்டுமானால் கடன் தொகையைக் குறித்த ‘துண்டு’ வேண்டும். இந்தத் தொகையைக் கட்டினால் இந்த ஜனத்தை விட்டுவிடுகிறேன் என்று துரை எழுதிக்கொடுக்கிற காகிதம். ஆளோலைக்கும் அதற்கும் என்ன வித்தியாசம்? 1921இல்தான் துண்டு முறையைத் தடைசெய்தார்கள்.

இங்கே கீழத்தஞ்சையில் 1940களில் சீனிவாசராவ் தலைமையில் செங்கொடி ஏறியபோது சாணிப்பாலுக்கும் சவுக்கடிக்கும் எதிராக எழுந்தவர்கள் பண்ணையாட்கள்தான். 1952இல் பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. கூலியை நிர்ணயித்தது, காரணமில்லாமல் நிறுத்தக்கூடாது என்றது. மிராசுதார்கள் என்ன செய்தார்கள்? பாதுகாப்பு பண்ணையாளுக்குத்தானே, பண்ணையாளே இல்லாவிட்டால்? பலபேரைக் கணக்குத் தீர்த்து அனுப்பிவிட்டு அதே ஆட்களை அன்றாடக் கூலியாளாகக் கூப்பிட்டார்கள். அப்பாயி சொல்லும்: “அதுக்கு மொதல்ல பசிச்சா வாசல்ல போயி நிப்போம், பழையதாச்சும் ஊத்துவாங்க. அப்புறம் அதுவும் இல்ல. ஆனா நிக்க வேண்டியதும் இல்ல.” இந்த இரண்டாவது வாக்கியத்தை ஆய்வாளர்கள் பலரும் விட்டுவிடுகிறார்கள். அடுத்து வந்த சண்டை ‘வெளியாள்’ சண்டை. உள்ளூர்க்காரன் கூலி உயர்த்திக் கேட்டால் வெளியூரிலிருந்து ஆள் இறக்கி அறுப்பது. அந்தச் சண்டையின் உச்சத்தில்தான் 1968 டிசம்பர் 25 இரவு கீழ்வெண்மணியில் 44 பேரைக் குடிசைக்குள் வைத்துக் கொளுத்தினார்கள்.

1976இல் கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் வந்தது. செங்கல் சூளையிலிருந்தும் அரிசி ஆலையிலிருந்தும் மீட்கப்படுகிறவர்களுக்குக் கோட்டாட்சியர் விடுதலைச் சான்று கொடுக்கிறார். அப்படி மீட்கப்பட்ட சில குடும்பங்களுக்குச் சான்று வாங்க நானும் அலைந்திருக்கிறேன். ஒரு அலுவலகத்தில் மனுவை வாங்கிப் பார்த்த எழுத்தர் தலையைத் தூக்காமலே கேட்டார்: “இவங்க எந்த சூளை ஆளுங்க?” விடுதலை கேட்டு வந்த மனுவிலும் அந்தப் பழைய கேள்வி. சட்டத்தமிழில் ‘ஆட்கொணர்வு மனு’ என்று ஒன்று வைத்திருக்கிறோம். அடைத்துவைக்கப்பட்ட மனிதனை நீதிமன்றத்தின் முன் கொண்டுவந்து நிறுத்து என்று கேட்பது. ஆட்கொள்ளல் என்பதன் நேர் எதிர்ச்சொல்லாக எனக்குப் படுவது அதுதான். உண்டாக்கியவர் அப்படி நினைத்து உண்டாக்கவில்லை என்றாலும்.

2006இல் நாகப்பட்டினம் மாவட்டத்தில் நூறு நாள் வேலை தொடங்கியபோது ஆம்பளாளு பொம்பளாளு என்று கூலி பிரியவில்லை. வருகைப் பதிவேட்டில் அவரவர் பெயர் இருந்தது, தகப்பன் பெயரோ புருஷன் பெயரோ இருந்தது, யாரூட்டு என்ற கேள்விக்கு அதில் கட்டம் இல்லை. கொஞ்ச நாளிலேயே நிலம் வைத்திருப்பவர்கள் டீக்கடையில் புலம்ப ஆரம்பித்தார்கள், “நடவுக்கு ஆளே கிடைக்கல.” பத்திரிகைகளும் ஆள் பற்றாக்குறை என்றே எழுதின. எங்கள் தெருவில் அந்த வருசம் யாரும் செத்துப்போகவில்லை, ஊரைவிட்டு ஓடிப்போகவுமில்லை. கூப்பிட வந்த ஒரு காரியக்காரரிடம் வாய்க்கால் கரையில் மண்வெட்டியோடு நின்ற பெண்கள் என்ன கூலி என்று முதலில் கேட்டார்கள். அவர் சொன்னார். அவர்கள் பேரம் பேசினார்கள்.